அயர்லாந்துக் கட்சிகள்: வெளியே நின்றவர்கள் உள்ளே வந்த கதை

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். அயர்லாந்துக் கட்சிகள் பற்றி உங்கள் ஞாயிறு இணைப்பில் வந்த கட்டுரையைப் படித்தேன். தமிழில் இந்த நாட்டைப் பற்றி யாராவது எழுதுவதே அபூர்வம், எழுதினாலும் மழை, செவிலியர் வேலை, விசா, வீட்டு வாடகை என்பதோடு நின்றுவிடும். அதனால் அரசியலுக்கு ஒரு முழுப் பக்கம் ஒதுக்கியதற்கு முதலில் நன்றி. ஆனால் கட்டுரை நிற்கிற அஸ்திவாரமே சரியில்லை. ஃபினே கேல் வலதுசாரி, ஃபியனா ஃபால் இடதுசாரி, நூறு வருஷமாக இரண்டும் மாறி மாறி ஆண்டன, 2020இல் திடீரென்று கைகோர்த்து ஷின் ஃபெய்ன் கட்சியை ஒதுக்கிவிட்டன என்று எழுதியிருந்தார் கட்டுரையாளர். கார்க் நகரில் பல வருஷமாக வசிக்கிறேன். குடியுரிமை இல்லாவிட்டாலும் இங்கே வசிக்கிற எல்லோருக்கும் உள்ளாட்சித் தேர்தலில் ஓட்டு உண்டு என்பதால் தேர்தல் வந்தால் மூன்று கட்சிக்காரர்களும் என் வீட்டுக் கதவையும் தட்டுவார்கள். அவர்களிடம் போய் வலது, இடது என்று ஆரம்பித்தால் சிரிப்பார்கள். "உங்கள் தாத்தா எந்தப் பக்கம்?" என்று கேட்டால் உடனே பதில் வரும்.

சண்டை எங்கே ஆரம்பித்தது என்று முதலில் பார்ப்போம். 1918 பிரிட்டிஷ் நாடாளுமன்றத் தேர்தலில் அயர்லாந்தின் 105 இடங்களில் 73ஐ விடுதலை கேட்ட ஷின் ஃபெய்ன் பிடித்தது. ஜெயித்தவர்கள் லண்டனுக்குப் போக மறுத்து 1919 ஜனவரியில் டப்ளினிலேயே ஒரு சபையைக் கூட்டினார்கள். அதன் பெயர் டாயில். இன்றைக்கும் அயர்லாந்துக் கீழவைக்கு அதுதான் பெயர். அப்புறம் இரண்டரை வருஷம் கெரில்லாப் போர், பேச்சுவார்த்தை, 1921 டிசம்பர் 6ஆம் தேதி லண்டனில் பிரிட்டனோடு ஒப்பந்தம். அதை ஏற்பதா வேண்டாமா என்று 1922 ஜனவரி 7ஆம் தேதி டாயிலில் ஓட்டெடுப்பு நடந்தபோது ஆதரவு 64, எதிர்ப்பு 57. அன்றைக்கு டாயிலில் இருந்த ஆறு பெண் உறுப்பினர்களும் எதிர்த்தே ஓட்டுப் போட்டார்கள். இன்றைக்கு இருக்கிற மூன்று பெரிய கட்சிகளும் அந்த ஏழு ஓட்டு வித்தியாசத்திலிருந்து கிளம்பியவைதான்.

அந்த விவாதத்தில் வரி, கூலி, நிலம் எதுவும் முக்கியப் பிரச்சினை இல்லை. வடக்கே ஆறு மாவட்டங்கள் பிரிட்டனோடு இருக்கத் தனியாகப் போனதுகூடப் பெரிய இடம் பிடிக்கவில்லை, இன்று படிக்கிறவர்களுக்கு அதுதான் ஆச்சரியமாக இருக்கும். அடித்துக்கொண்டது பெரும்பாலும் பிரிட்டிஷ் மன்னர் பெயர் வரும் உறுதிமொழியைப் பற்றி, முழுக் குடியரசா, மன்னருக்குக் கீழே தன்னாட்சி என்கிற டொமினியன் அந்தஸ்தா என்பதைப் பற்றி. ஒரே கட்சியில் இருந்து, ஒரே சிறையில் கிடந்து, ஒருவர் கல்யாணத்தில் இன்னொருவர் மாப்பிள்ளைத் தோழனாக நின்றவர்கள் அவர்கள். இதை மிகைப்படுத்திச் சொல்லவில்லை. இந்தப் பிளவு உள்நாட்டுப் போராக வெடித்தபோது, 1922 டிசம்பர் 8ஆம் தேதி புதிய அரசு சுட்டுக் கொன்ற, ஒப்பந்தத்தை எதிர்த்த நான்கு கைதிகளில் ஒருவர் ரோரி ஓ'கானர். அந்தத் தண்டனைக்கு ஒப்புதல் கொடுத்த அமைச்சரவையில் இருந்தவர் கெவின் ஓ'ஹிகின்ஸ். ஓ'ஹிகின்ஸ் கல்யாணத்தில் மாப்பிள்ளைத் தோழன் ஓ'கானர்தான், அது நடந்து ஒன்றேகால் வருஷம்கூட ஆகவில்லை. 1927இல் ஓ'ஹிகின்ஸையும் டப்ளின் தெருவில் வைத்துச் சுட்டுவிட்டார்கள்.

உள்நாட்டுப் போர் 1922 ஜூன் மாதம் தொடங்கி 1923 மே மாதம் ஓய்ந்தது, ஒரு வருஷம்கூட இல்லை. அதற்குள் ஒப்பந்த ஆதரவாளர் பக்கத்துத் தலைவர் மைக்கேல் காலின்ஸ் தன் சொந்த மாவட்டமான கார்க்கிலேயே பதுங்கியிருந்து தாக்கியவர்களின் குண்டுக்குப் பலியானார். புதிய அரசு 77 பேரைத் தண்டனை என்ற பெயரில் சுட்டது. இந்த 77 என்ற எண் அப்புறம் பல பத்தாண்டுகளுக்குத் தேர்தல் மேடைகளில் ஒலித்தது. கட்டுரையில் இது ஒரு வரிகூட இல்லை, ஆனால் இதை விட்டுவிட்டால் இங்கே எந்தக் கூட்டணியும் ஏன் அமைந்தது, ஏன் அமையவில்லை என்பது புரியாது.

ஜெயித்த பக்கம் 1923இல் கூமன் ந கேல் என்று கட்சியாகி, டபிள்யூ. டி. காஸ்கிரேவ் தலைமையில் 1932 வரை ஆண்டது. தோற்ற பக்கம், அதாவது ஏமன் டி வலேராவின் ஷின் ஃபெய்ன், தேர்தலில் நிற்கும், ஜெயிக்கும், ஆனால் டாயிலுக்குள் கால் வைக்காது. 1923 ஆகஸ்ட் தேர்தலில் அவர்களுக்கு 44 இடம் கிடைத்தது, அதில் ஒருவர்கூட உள்ளே போகவில்லை. அப்போது எதிர்க்கட்சி வேலையைப் பார்த்தது யார் என்றால் தொழிற்கட்சி. 1912இல் ஜேம்ஸ் கான்னலி, ஜிம் லார்க்கின் போன்றவர்கள் தொடங்கிய அந்தக் கட்சி 1918இல் போட்டியிடாமல் ஒதுங்கி நின்றது, நாட்டின் விடுதலை முதலில் முடியட்டும் என்று. 1922இல் 18 பேரை நிறுத்தி 17 பேரை ஜெயிக்க வைத்தது. அதன் பிறகு ஒரு நூற்றாண்டில் அது ஒரு தடவைகூட முதல் இடத்துக்கு வரவில்லை. 1918இல் ஒதுங்கியதற்கு வட்டியோடு கட்டிக்கொண்டிருக்கிறார்கள் என்பது இங்குள்ள தொழிற்சங்கக்காரர்கள் பலர் சொல்வது. எனக்கு அது பாதிதான் சரி என்று படுகிறது, மீதிப் பாதிக்குக் காரணம் டி வலேரா, அதைப் பின்னால் சொல்கிறேன்.

இந்த நாட்டின் கட்சி வரலாறு முழுக்க ஒரே ஒரு நகர்வு திரும்பத் திரும்ப நடக்கிறது. அரசே செல்லாது என்று சொல்லி வாசலுக்கு வெளியே நிற்கிற ஒரு கூட்டம், அதில் ஒரு பகுதி ஒரு நாள் உள்ளே நுழைகிறது, மீதிப் பேர் துரோகம் என்று கத்துகிறார்கள், நுழைந்தவர்கள் கொஞ்ச நாளில் வாசற்காவலர்களாகிவிடுகிறார்கள். இதை முதலில் செய்து காட்டியவர் டி வலேரா. 1926இல் ஷின் ஃபெய்ன் மாநாட்டில் அவர் கொண்டுவந்த தீர்மானம், உறுதிமொழியை எடுத்துவிட்டால் டாயிலுக்குப் போவது கொள்கைப் பிரச்சினை இல்லை என்கிற மாதிரியானது, விரல் விட்டு எண்ணக்கூடிய ஓட்டில் தோற்றது. உடனே வெளியேறி, அந்த வருஷம் மே மாதம் டப்ளின் லா ஸ்காலா அரங்கில் ஃபியனா ஃபால் கட்சியைத் தொடங்கினார். மறு வருஷம் 44 இடம். ஆட்களைக் கூட்டிக்கொண்டு டாயில் வாசலுக்குப் போனார், உறுதிமொழி எடுக்காமல் உள்ளே விட முடியாது என்று கதவைப் பூட்டிவிட்டார்கள். அப்போதுதான் ஓ'ஹிகின்ஸ் கொலை நடந்தது. வேட்பாளராக நிற்பதற்கே, ஜெயித்தால் உறுதிமொழி எடுப்பேன் என்று எழுதிக் கொடுக்க வேண்டும் என்று காஸ்கிரேவ் சட்டம் கொண்டுவந்தார். 1927 ஆகஸ்ட் மாதம் டி வலேரா போய், பைபிளை ஒதுக்கி வைத்துவிட்டு, நான் எந்தச் சத்தியமும் எடுக்கவில்லை, வெறும் சம்பிரதாயத்துக்குப் பெயரை எழுதுகிறேன் என்று சொல்லிக் கையெழுத்துப் போட்டார். ஐந்து வருஷம் முன்னால் எதற்காக உள்நாட்டுப் போரே நடந்ததோ அந்தக் காகிதத்தில்தான் கையெழுத்து. கேலி செய்வது சுலபம். எனக்கு அது அந்த நாட்டுக்குக் கிடைத்த பெரிய அதிர்ஷ்டமாகத்தான் தெரிகிறது.

ஏனென்றால் 1932. தேர்தலில் ஃபியனா ஃபால் 72 இடம் பிடித்தது, தொழிற்கட்சி ஆதரவு கொடுத்தது. ஒன்பது வருஷம் முன்னால் தங்களைச் சிறையில் போட்டவர்களிடமிருந்து ஆட்சியை வாங்கப் போகிறார்கள், கொடுப்பார்களா என்ற சந்தேகத்தில் சில உறுப்பினர்கள் பையில் கைத்துப்பாக்கியோடு டாயிலுக்கு வந்தார்கள் என்று சொல்வார்கள். காஸ்கிரேவ் எழுந்து போய்விட்டார், அவ்வளவுதான். ராணுவமும் போலீசும் அசையவில்லை. அந்தக் காலத்து ஐரோப்பாவில் போருக்குப் பின் பிறந்த புதிய நாடுகள் பலவற்றில் என்ன நடந்தது என்று பார்த்தால் இது சின்ன விஷயம் இல்லை. உள்நாட்டுப் போரில் ஜெயித்தவர்கள் தோற்றவர்களிடம் ஓட்டுப் பெட்டி மூலம் ஆட்சியைக் கொடுத்தார்கள். காஸ்கிரேவுக்கு உங்கள் கட்டுரையில் ஒரு வரியாவது கொடுத்திருக்கலாம்.

தோற்ற பிறகு அவர்கள் செய்தது அவ்வளவு பெருமைக்குரியதில்லை. 1933 செப்டம்பரில் கூமன் ந கேல், விவசாயிகள் பின்னணி கொண்ட மையக் கட்சி ஒன்று, நீலச்சட்டைப் படை என்று அழைக்கப்பட்ட சீருடை இயக்கம் மூன்றும் சேர்ந்து ஃபினே கேல் ஆனது. முதல் தலைவர் நீலச்சட்டைக்காரரான ஓயின் ஓ'டஃபி, போலீஸ் தலைமைப் பதவியிலிருந்து டி வலேரா நீக்கிய ஆள். கை உயர்த்தி வணக்கம், அணிவகுப்பு என்று இத்தாலிக்காரர்களைப் பார்த்து நடித்தார். ஒரே வருஷத்தில் அவரைக் கட்சியே கழற்றிவிட்டது, அவர் ஸ்பெயினுக்கு ஆள் திரட்டிக்கொண்டு ஃபிராங்கோவுக்காகச் சண்டை போடப் போனார். இன்றைக்கும் ஃபினே கேல்காரரைக் கோபப்படுத்த வேண்டுமென்றால் நீலச்சட்டை என்று சொன்னால் போதும்.

சரி, ஃபியனா ஃபால் இடதுசாரியா என்ற கேள்விக்கு வருவோம். முதல் சில வருஷம் பார்த்தால் அப்படித் தோன்றும். சிறு விவசாயிகள் பிரிட்டனுக்குக் கட்டிவந்த நிலத் தவணையை நிறுத்தினார்கள், பிரிட்டன் பதிலுக்குச் சுங்கவரி போட்டது, 1938 வரை பொருளாதாரப் போர். ஊரெங்கும் அரசு வீடுகள் கட்டினார்கள். உழைப்பவர்களின் கட்சி நாங்கள்தான் என்று சொல்லித் தொழிற்கட்சியின் ஓட்டை அப்படியே உறிஞ்சிக்கொண்டார்கள், நான் மேலே சொன்ன மீதிப் பாதிக் காரணம் இதுதான். அதே சமயம் கத்தோலிக்கச் சபைக்கு அரசியலமைப்பிலேயே தனி இடம் கொடுத்தார்கள், தனியார் முதலாளிகளைச் சுங்கச்சுவர் கட்டிப் பாதுகாத்தார்கள், தொழிலதிபர்களிடம் நன்கொடையும் வாங்கினார்கள். எல்லோருக்கும் ஏதாவது ஒன்று. கிராமத்துக்குக் கிராமம் கிளை, ஞாயிறு பூசை முடிந்ததும் தேவாலய வாசலில் வசூல். 1932இலிருந்து 2007 வரை நடந்த ஒவ்வொரு பொதுத்தேர்தலிலும் முதல் இடம் அவர்களுக்குத்தான், 2011க்கு முந்திய எண்பது வருஷத்தில் முக்கால்வாசிக் காலம் ஆட்சியும் அவர்களுடையது. மாறி மாறி ஆண்டார்கள் என்பது எங்கிருந்து வந்தது?

உள்ளே வந்தவர் வாசற்காவலர் ஆன கதையும் இங்கேதான். பழைய தோழர்களின் ஆயுதப் படையான ஐ.ஆர்.ஏ.வை (ஐரிஷ் குடியரசுப் படை) 1936இல் சட்டவிரோத இயக்கமாக அறிவித்தவர் டி வலேரா. இரண்டாம் உலகப் போர்க் காலத்தில் அவர்களை விசாரணையில்லாமல் முகாமில் அடைத்ததும், சிலருக்கு மரண தண்டனை நிறைவேற்றியதும் அவர் அரசுதான். 77 பேரைச் சொல்லி ஓட்டுக் கேட்ட கட்சி!

1937 அரசியலமைப்பு பற்றி ஒரு சின்னக் குறிப்பு, நம் வாசகர்களுக்கு நேரடித் தொடர்பு இருப்பதால். டி வலேரா அதில் வைத்த சமூகக் கொள்கை வழிகாட்டு நெறிகளைப் பார்த்துத்தான் இந்திய அரசியலமைப்பில் அரசுக்கான வழிகாட்டு நெறிமுறைகள் வந்தன. பள்ளிப் பாடத்தில் ஒரு மதிப்பெண் கேள்வியாக நாம் மனப்பாடம் செய்தது இது.

1948இல் என்ன நடந்தது என்பது எனக்கு மிகவும் பிடித்த பகுதி, கொஞ்சம் நிதானமாகவே சொல்கிறேன். பதினாறு வருஷம் தொடர்ந்து ஆண்ட டி வலேராவை இறக்க எல்லோரும் சேர்ந்தார்கள்: ஃபினே கேல், அப்போது இரண்டாக உடைந்து கிடந்த தொழிற்கட்சியின் இரண்டு துண்டுகளும், ஒரு விவசாயிகள் கட்சி, சுயேச்சைகள், அப்புறம் கிளான் ந போப்லக்தா என்ற புதுக் கட்சி. இந்தப் புதுக் கட்சியின் தலைவர் ஷான் மெக்பிரைட், ஐ.ஆர்.ஏ.வின் முன்னாள் தலைமைத் தளபதி. கூட்டணியின் பெரிய கட்சி ஃபினே கேல், அதன் தலைவர் ரிச்சர்ட் மல்கஹி, உள்நாட்டுப் போரில் அரசு ராணுவத்தின் தளபதி, தண்டனைகளுக்குப் பொறுப்பானவர். அந்த ஆள் பிரதமர் என்றால் மெக்பிரைட் கட்சி எப்படி ஓட்டுப் போடும்? மல்கஹி ஒதுங்கிக்கொண்டார். வழக்கறிஞர் ஜான் காஸ்டெலோ பிரதமரானார், மல்கஹி அவருக்குக் கீழே கல்வி அமைச்சராக உட்கார்ந்தார். டி வலேரா பக்கமிருந்து பிரிந்து போன தீவிரவாதியும், தீவிரவாதிகளைச் சுட்டவர்களும் ஒரே மேஜையில். அப்புறம் நடந்தது இன்னும் வேடிக்கை: அயர்லாந்தை முறைப்படி குடியரசாக அறிவித்து 1949 ஈஸ்டர் திங்களன்று காமன்வெல்த்தை விட்டு வெளியே கொண்டுவந்தது இந்த அரசு, அதாவது ஒப்பந்தத்தை ஆதரித்த பரம்பரை. குடியரசு குடியரசு என்று முழங்கிய டி வலேரா எதிர்க்கட்சி வரிசையில் உட்கார்ந்து பார்த்துக்கொண்டிருந்தார்.

இதே அரசு கவிழ்ந்ததற்கு ஒரு முக்கியக் காரணம் நோயல் பிரவுன். கிளான் கட்சி இளம் மருத்துவர், டாயிலுக்குள் நுழைந்த முதல் நாளே சுகாதார அமைச்சர், காசநோயை எதிர்த்துப் பெரிய வேலை செய்தவர். தாய்மார்களுக்கும் குழந்தைகளுக்கும் இலவச மருத்துவம் என்று திட்டம் போட்டார், மருத்துவர் சங்கமும் ஆயர்களும் எதிர்த்தார்கள், சக அமைச்சர்கள் கைவிட்டார்கள், சொந்தக் கட்சித் தலைவர் மெக்பிரைட்டே ராஜினாமா கேட்டார். 1951 ஏப்ரலில் ராஜினாமா செய்தவர் ஆயர்களோடு நடந்த கடிதப் போக்குவரத்தைப் பத்திரிகைக்குக் கொடுத்துவிட்டார். பிரச்சினை இலவச மருத்துவம், எதிர்த்தது ஆயர்கள், பயந்தது எல்லாக் கட்சியும். இதில் வலது எது இடது எது?

அடுத்து, கட்டுரையாளர் தொடவே இல்லாத தேர்தல் முறை. இங்கே ஒரு தொகுதிக்கு மூன்றிலிருந்து ஐந்து உறுப்பினர்கள். வாக்காளர் சின்னத்தில் முத்திரை குத்துவதில்லை, வேட்பாளர் பெயருக்கு எதிரே 1, 2, 3 என்று விருப்ப வரிசை எழுதுவார். ஒருவருக்குத் தேவைக்கு மேல் ஓட்டு விழுந்தால் உபரி அடுத்த விருப்பத்துக்குப் போகும், கடைசியில் இருப்பவர் வெளியேறினால் அவர் ஓட்டும் அப்படியே. நம் ஊரில் மாநிலங்களவைக்கு எம்.எல்.ஏ.க்கள் ஓட்டுப் போடுவது இந்த முறையில்தான். என்ன, அங்கே யார் ஜெயிப்பார்கள் என்று முன்பே தெரியும். இங்கே எண்ணி முடிக்க இரண்டு மூன்று நாள் ஆகும். கட்சிக்காரர்கள் தடுப்புக் கம்பியில் சாய்ந்துகொண்டு ஒவ்வொரு சீட்டையும் எட்டிப் பார்த்துக் கணக்குப் போட்டு, அதிகாரிகளுக்கு முன்னால் முடிவைச் சொல்லிவிடுவார்கள். அதைப் பார்ப்பதற்காகவே எண்ணும் இடத்துக்குப் போகலாம்.

இந்த முறை இருக்கும்வரை தனிப்பெரும்பான்மை கஷ்டம் என்று ஃபியனா ஃபாலுக்குத் தெரியும். அதனால் பிரிட்டன் மாதிரி ஒரு தொகுதி ஒரு ஆள் என்று மாற்ற இரண்டு தடவை பொதுவாக்கெடுப்பு வைத்தது. முதல் தடவை 1959இல், டி வலேரா குடியரசுத் தலைவர் பதவிக்கு நின்ற அதே நாளில். கிழவர் மேல் இருக்கிற பாசத்தில் இதற்கும் சேர்த்து ஆமாம் போட்டுவிடுவார்கள் என்பது கணக்கு. மக்கள் அவரை ஜெயிக்க வைத்துவிட்டுத் தீர்மானத்தைத் தோற்கடித்தார்கள். 1968இல் மறுபடியும் கேட்டபோது இன்னும் பெரிய வித்தியாசத்தில் வேண்டாம் என்றார்கள். என் கருத்தில், வெளியே நின்றவர்கள் உள்ளே வர முடிந்ததற்கு இதுவே பெரிய காரணம். கொஞ்சம் ஓட்டு வைத்திருந்தால்கூட நான்கைந்து தொகுதியில் கடைசி இடத்தையாவது பிடித்துவிடலாம் என்ற நம்பிக்கை இருந்ததால் துப்பாக்கியை விட்டுவிட்டு வந்தவனுக்கு உட்கார ஒரு நாற்காலி இருந்தது.

அறுபதுகளில் டி வலேராவுக்குப் பின் பிரதமரான ஷான் லெமாஸ் சுங்கச்சுவரை இடித்து அந்நிய முதலீட்டைக் கூப்பிட்டார், அதை எல்லோரும் எழுதியிருக்கிறார்கள், நான் விட்டுவிடுகிறேன். 1970இல் வடக்கே கலவரம் மூண்டபோது ஐ.ஆர்.ஏ.வுக்கு ஆயுதம் கடத்த முயன்றதாகச் சந்தேகத்தில் பிரதமர் ஜாக் லிஞ்ச் இரண்டு அமைச்சர்களைப் பதவிநீக்கம் செய்தார். அதில் ஒருவர் லெமாஸின் மருமகன் சார்லஸ் ஹாஹி. நீதிமன்றம் விடுவித்தது, பத்து வருஷத்துக்குள் கட்சித் தலைவராகவும் பிரதமராகவும் திரும்பி வந்தார். 1980 ஜனவரியில் தொலைக்காட்சியில் தோன்றி, நாம் வரவுக்கு மேல் செலவு செய்கிறோம், சிக்கனமாக இருக்க வேண்டும் என்று மக்களுக்கு உபதேசம் செய்த இந்த மனிதரிடம் பெரிய மாளிகை, குதிரைகள், கடலில் சொந்தத் தீவு எல்லாம் இருந்தன. பணம் எங்கிருந்து வந்தது என்பது 1997 விசாரணையில்தான் வெளிவந்தது: ஒரு பெரிய கடை முதலாளியிடமிருந்து மட்டும் பத்து லட்சம் பவுண்டுக்கு மேல். தமிழ் வாசகர்களுக்கு இதற்கு விளக்கவுரை தேவைப்படாது.

வாரிசு அரசியலும் அப்படியே. காஸ்கிரேவின் மகன் லியாம் 1973இல் பிரதமர். டி வலேராவின் பேத்தியும் பேரனும் அமைச்சர்கள். பின்னாளில் பிரதமர்களான எண்டா கென்னி, பிரையன் கவன் இருவரும் அப்பா இறந்ததும் அந்த இடத்தில் இடைத்தேர்தலில் நின்று ஜெயித்து வந்தவர்கள். கெர்ரி மாவட்டத்தில் ஹீலி-ரே என்று ஒரு குடும்பம், கட்சியே கிடையாது, அப்பா 1997இல் பெர்டி அஹெர்ன் அரசைத் தாங்கினார், 2025இல் மகன்கள் இருவர் டாயிலில் உட்கார்ந்து புதிதாக வந்த அரசைத் தாங்கினார்கள். கேட்பதெல்லாம் தங்கள் மாவட்டத்துச் சாலையும் ஆஸ்பத்திரியும்.

மறுபடி வாசலுக்கு வருவோம். 1970இல் ஷின் ஃபெய்ன் மறுபடி உடைந்தது. அதிகாரபூர்வப் பிரிவு என்று அழைக்கப்பட்ட ஒரு பகுதி மார்க்சியம் பேசி, ஆயுதத்தை ஓரம்கட்டி, பெயரை மாற்றி மாற்றி 1982இல் தொழிலாளர் கட்சி ஆனது. 1989இல் டாயிலில் ஏழு இடம். 1992இல் அந்த ஏழு பேரில் ஆறு பேர் வெளியேறி ஜனநாயக இடது என்று வைத்தார்கள், இரண்டே வருஷத்தில் ஃபினே கேலோடும் தொழிற்கட்சியோடும் சேர்ந்து அமைச்சரானார்கள், 1999இல் தொழிற்கட்சியிலேயே கரைந்தார்கள். கரைந்தவர்களில் ஒருவரான ஏமன் கில்மோர் 2011இல் அதே தொழிற்கட்சித் தலைவராகத் துணைப் பிரதமர். டி வலேராவுக்கு ஒரு வருஷம் பிடித்த பாதை இவர்களுக்கு முப்பது வருஷம் பிடித்தது, பாதை ஒன்றுதான்.

இன்னொரு பகுதி, தற்காலிகப் பிரிவு, அதுதான் இன்றைய ஷின் ஃபெய்ன். வடக்கே ஐ.ஆர்.ஏ.வின் குண்டுகள் வெடித்துக்கொண்டிருந்த காலத்தின் பெரும்பகுதியில் இவர்கள் குரலை வானொலி, தொலைக்காட்சியில் ஒலிபரப்பவே தடை இருந்தது, 1994 ஜனவரிவரை. 1986 நவம்பரில் கட்சித் தலைவர் ஜெரி ஆடம்ஸ் தரப்பு டாயிலுக்குப் போகலாம் என்று தீர்மானம் கொண்டுவந்து ஜெயித்தது. பழைய தலைவர் ரோரி ஓ ப்ராடி துரோகம் என்று சொல்லி ஆட்களோடு வெளியே நடந்தார். அறுபது வருஷத்துக்கு முன் டி வலேராவிடம் சொன்ன அதே வசனம். முதல் ஆள் உள்ளே போய் உட்கார்ந்தது 1997இல், கேவன்-மொனஹன் தொகுதியிலிருந்து. மறு வருஷம் வடக்கே சமாதானத்துக்கு வழி செய்த புனித வெள்ளி ஒப்பந்தம். அப்புறம் கணக்கைப் பாருங்கள்: 2002இல் ஐந்து, 2007இல் நான்கு, 2011இல் 14, 2016இல் 23, 2020இல் 37.

2011 ஏன் முக்கியம் என்றால் அந்தத் தேர்தலில்தான் ஃபியனா ஃபால் சரிந்தது. வீட்டுமனை வியாபாரம் ஊதிப் பெருத்து வெடித்து, 2008இல் வங்கிகளின் கடனுக்கெல்லாம் அரசு உத்தரவாதம் கொடுத்து, 2010இல் ஐரோப்பிய ஒன்றியத்திடமும் ஐ.எம்.எஃப்.பிடமும் 85 பில்லியன் யூரோ ஏற்பாட்டுக்குக் கையேந்திய பிறகு, எண்பது வருஷம் முதல் இடத்தில் இருந்த கட்சிக்கு 166இல் 20 இடம். டப்ளினில் ஒன்றே ஒன்று. அந்த அடியில்தான் தாத்தா எந்தப் பக்கம் என்ற கணக்கு உடைந்தது. 1982 நவம்பரில் இரண்டு பழைய கட்சிகளும் சேர்ந்து நூற்றுக்கு 84 ஓட்டு வாங்கின, 2020இல் 43தான்.

ஆக, 2020 கூட்டணியைத் 'திடீரென்று' என்று சொன்னால் நான் ஒப்புக்கொள்ள மாட்டேன். 1987இலேயே ஃபினே கேல் தலைவர் ஆலன் டியூக்ஸ், ஹாஹியின் சிறுபான்மை அரசு சிக்கன நடவடிக்கை எடுத்தால் கவிழ்க்க மாட்டோம் என்று அறிவித்தார், சொந்தக் கட்சிக்காரர்களே அவரைத் திட்டினார்கள். 2016இல் ஃபியனா ஃபால் வெளியிலிருந்து ஃபினே கேல் அரசை நான்கு வருஷம் தாங்கியது. 2020 தேர்தலில் ஃபியனா ஃபால் 38, ஷின் ஃபெய்ன் 37, ஃபினே கேல் 35. முதல் விருப்ப ஓட்டில் முதல் இடம் ஷின் ஃபெய்னுக்கு, நூற்றுக்கு 24.5. அவர்கள் நிறுத்தியதே 42 பேரை, இன்னும் பத்துப் பேரை நிறுத்தியிருந்தால் முடிவு வேறாகியிருக்கும், அது அவர்கள் கணக்குப் பிசகு. மற்ற இரண்டும் கிரீன் கட்சியைச் சேர்த்துக்கொண்டு ஜூன் மாதம் ஆட்சி அமைத்தன, முதலில் ஃபியனா ஃபாலின் மீஹால் மார்ட்டின் பிரதமர், 2022 டிசம்பரில் ஃபினே கேலின் லியோ வரத்கர், மும்பையிலிருந்து வந்த மருத்துவரின் மகன். கொள்கையில் வித்தியாசம் இல்லாத இரண்டு கட்சிகள் சேர்ந்ததை ஏமாற்று என்று சொல்வதைவிட, தொண்ணூற்றெட்டு வருஷம் சேராமல் இருந்ததைத்தான் ஏமாற்று என்று சொல்ல வேண்டும்.

ஷின் ஃபெய்னை ஒதுக்கினார்கள் என்பது உண்மை, அதில் எனக்கு மாற்றுக் கருத்து இல்லை. துப்பாக்கியோடு வந்தவர்களை நம்ப முடியாது என்று சொல்கிற ஃபியனா ஃபால்காரர் 1932இல் தன் கட்சிக்காரர் பையில் என்ன இருந்தது என்று யோசிக்கலாம். ஆனால் மறுபக்கமும் இருக்கிறது: ஃபியனா ஃபால் பிறந்த 1926க்கும் ஆட்சிக்கு வந்த 1932க்கும் இடையில் ஆறு வருஷம்தான்; ஷின் ஃபெய்ன் டாயிலுக்குப் போகலாம் என்று 1986இல் முடிவு செய்தும் ஐ.ஆர்.ஏ. ஆயுதத்தைக் கைவிட்டது 2005இல்தான், அந்த ஐ.ஆர்.ஏ.வால் கொல்லப்பட்டவர்களின் குடும்பங்கள் இன்னும் வாக்காளர் பட்டியலில் இருக்கின்றன. இந்தக் குடும்பங்களைப் பற்றிக் கட்டுரையாளர் ஒரு வார்த்தை எழுதவில்லை.

சின்னக் கட்சிகள் பெரிய கட்சியோடு சேர்ந்தால் என்ன ஆகும் என்பதற்கும் இங்கே நிறைய உதாரணம். கிளான் கட்சி 1948இல் பத்து, 1951இல் இரண்டு. 1985இல் ஹாஹியை எதிர்த்துப் பிறந்து, 1989இல் அதே ஹாஹியோடு கூட்டணி போட்ட முற்போக்கு ஜனநாயகவாதிகள் கட்சி 2009இல் கடையைக் கட்டியது. தொழிற்கட்சி 2011இல் 37, சிக்கன அரசில் பங்கேற்ற பிறகு 2016இல் ஏழு. இது தெரிந்தும் ஒவ்வொரு தடவையும் யாராவது போய் மாட்டிக்கொள்கிறார்கள்.

2024 நவம்பர் தேர்தலில் ஃபியனா ஃபால் 48, ஷின் ஃபெய்ன் 39, ஃபினே கேல் 38. பழைய இரண்டும் மறுபடி சேர்ந்தன, இந்தத் தடவை சுயேச்சைகள் துணையோடு. 2025 அக்டோபரில் குடியரசுத் தலைவர் தேர்தலுக்கு ஷின் ஃபெய்ன், தொழிற்கட்சி, சமூக ஜனநாயகவாதிகள் எல்லோரும் ஒரே வேட்பாளரான கேத்தரின் கான்னலிக்குப் பின்னால் நின்றார்கள், அவர் பெரிய வித்தியாசத்தில் ஜெயித்தார். வலது, இடது என்று கட்டுரையாளர் தேடுகிற கோடு இப்போதுதான், நூறு வருஷம் கழித்து, மெல்ல விழ ஆரம்பித்திருக்கிறது. அடுத்த பொதுத்தேர்தல்வரை இந்த அணி தாங்குமா என்பது வேறு கேள்வி.

கடைசியாக ஒரு திருத்தம். கட்டுரையோடு வந்த பட்டியலில் 2024 தேர்தலில் கிரீன் கட்சிக்கு 12 இடம் என்று போட்டிருந்தீர்கள். அது 2020இன் எண்ணிக்கை. 2024இல் அவர்களுக்குக் கிடைத்தது ஒன்று. அதே பட்டியலில் டாயிலின் மொத்த இடங்களும் பழைய கணக்கு, இப்போது 174. திருத்தம் வெளியிட்டால் நல்லது.

இப்படிக்கு,
உங்கள் வாசகன்,
கார்க், அயர்லாந்து